அடுத்த பெயர்

கல்முனை பஸ் நிலையத்தில் இறங்கி "மில் ஹாஜியார் வீடு" என்று சொன்னால் போதும். எந்த ஓட்டோக்காரரும் மறுபேச்சு இல்லாமல் என் வாசலில் கொண்டுவந்து இறக்குவார். இதைப் பெருமைக்குச் சொல்லவில்லை என்று எழுதத்தான் பேனையை எடுத்தேன். ஆனால் பெருமைக்குத்தான் சொல்கிறேன். இந்த வயதில் பொய் எதற்கு. மூன்றாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன் நான். பிறத்தியாரின் நெல் மூட்டையைச் சைக்கிளில் கட்டி மில்லுக்குத் தள்ளிக்கொண்டு போன நான், பிறகு அதே மில்லை வாங்கினேன். வாங்கியதோடு விடவில்லை. பழைய இயந்திரத்தைக் கழற்றிப் போட்டுவிட்டு, இந்தக் கிழக்குக் கரையில் யாரும் கண்டிராத புது இயந்திரம் பூட்டினேன். அதைப் பார்க்கவே அக்கரைப்பற்றிலிருந்து ஆட்கள் வந்தார்கள்.

அது நான் வேர்வை சிந்தித் தேடிய பேர். அதற்கு மேலே இன்னொரு பேரும் சில வருடங்கள் என் தலையில் இருந்தது. அது என் மகள் வழியாக வந்தது. அதைப் பற்றித்தான் இப்போது எழுதுகிறேன். என் எழுத்து கோழி கிண்டிய மாதிரி இருக்கும்; அச்சில் வரும்போது திருந்திவிடும் என்று நம்புகிறேன்.

மகள் ரேடியோப் பைத்தியம். அந்த நாளில் எங்கள் ஊர்ப் பிள்ளைகள் பலருக்கும் அது ஒரு காய்ச்சல் வருத்தம்போலப் பிடித்திருந்தது. விருப்பமான பாட்டைத் தபாலட்டையில் எழுதி அனுப்புவார்கள். பாட்டு போடுவதற்கு முன்னால், அதைக் கேட்டவர்களின் பேரையும் ஊரையும் அறிவிப்பாளர் வாசிப்பார். பாட்டை யார் கேட்டார்கள்? பேருக்காகத்தான் எல்லாரும் ரேடியோவுக்குக் காதைக் கொடுத்துக்கொண்டு இருந்தது. பேர் வந்துவிட்டால் மறுநாள் ஊரெல்லாம் அதே கதைதான்.

மகளின் பேர் அடிக்கடி வரும். மலைநாட்டுக்கு அரிசி இறக்கப் போன என் லொறி டிரைவர் ஒருமுறை திரும்பி வந்ததும் வராததுமாகச் சொன்னார்:

"ஹாஜியார், உங்கட மகள்ட பேரு ஹட்டன்ல கேட்டிச்சு. தேத்தண்ணிக் கடையில நிண்டன். கடைக்காரனுக்கும் தெரியுது அந்தப் பேரு. கல்முனையில இருந்து கிழமைக்குக் கிழமை எழுதுற ஆளாம்."

என் மனைவிக்கு அது பிடிக்கவில்லை. குமர்ப் பிள்ளையின் பேர் ஊர் ஊராகப் போவதா என்று முணுமுணுத்தாள். நானோ தபாற்கந்தோர்ப் பக்கம் போகும்போதெல்லாம் ஒரு கட்டுத் தபாலட்டை வாங்கி வந்து மகளின் மேசையில் வைப்பேன். ஒரே ஒரு குறை எனக்கு இருந்தது.

"மகள், என்ட பேரையும் சேத்து எழுதுங்களன். இன்னாருட மகள் எண்டு விளங்கட்டுமே."

"ரேடியோவில பேரும் ஊரும்தான் வாப்பா வாசிப்பாங்க. ஆருட மகள் எண்டு கேக்க மாட்டாங்க."

"கேட்டா நல்லம்தானே."

"கேக்காததுதான் நல்லம்."

சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். நானும் சிரித்தேன்.

அவளுக்கு மாப்பிள்ளை தேடும் காலம் வந்தது. பெண் வீட்டார்தான் வீடு கட்டிக் கொடுத்து மாப்பிள்ளை எடுப்பது எங்கள் ஊர் முறை. மாப்பிள்ளை நம் வீட்டுக்கு வந்து இருப்பார். கலியாணத் தரகர் டொக்டர் கொண்டுவந்தார், எஞ்சினியர் கொண்டுவந்தார். கடைசியில் ஒருநாள், பக்கத்து ஊர்ப் பையன் ஒருவர், கொழும்பில் ரேடியோவில் அறிவிப்பாளர் என்றார். பேரைச் சொன்னதும் நான் கதிரையை விட்டு எழும்பிவிட்டேன். மகளின் தபாலட்டைகளை வாசித்த அதே ஆள். நாடு முழுக்க அந்தக் குரலைத் தெரியாத தமிழ் வீடு கிடையாது. இந்தக் கரையில் டொக்டர் மாப்பிள்ளை எடுத்தவர்கள் எத்தனையோ பேர். யாழ்ப்பாணத்திலும் மன்னாரிலும் ஹட்டனிலும் கேட்கிற மாப்பிள்ளை எடுத்தவன் நான் ஒருவன்தான்.

கடற்கரை வீதியில், காற்று நன்றாக வருகிற இடத்தில், வீடு கட்டினேன். மாப்பிள்ளையைப் பார்க்கக் கலியாணத்தன்று வந்த சனத்தைப் பந்தல் தாங்கவில்லை. எல்லாரும் குரலைத்தான் அறிவார்கள். முகத்தைக் கண்டவர் கிடையாது. மாப்பிள்ளையோ மெலிந்த, உயரம் குறைந்த மனிதர். பெண்கள் பக்கத்திலிருந்து வந்த பேச்சு என் காதில் விழுந்தது.

"இவரா அக்கா அது? அவ்வளவு பெரிய குரல் இந்தச் சின்ன உடம்புக்குள்ள எங்க கிடக்கு?"

"உள்ள கிடந்தா உடம்பு வளர்ந்திரிக்கும். எல்லாத்தையும் ரேடியோவுக்குக் குடுத்திட்டாரு."

அந்த மனிதரின் புகழ் விசித்திரமானது. வாயைத் திறக்கும்வரை அவர் யாரோ ஒருவர். வாயைத் திறந்தால் முடிந்தது. கலியாணம் முடித்த புதிதில் சந்தையில் மீன் வாங்கப் போய், "பாரை என்ன விலை?" என்று கேட்டிருக்கிறார். மீன்காரர் கத்தியைக் கீழே வைத்துவிட்டார்.

"இன்னொருக்காச் சொல்லுங்க."

"பாரை என்ன விலை எண்டு கேட்டன்."

"அவர்தான். டேய், இஞ்ச ஓடி வாங்கடா, ரேடியோக்காரர் மீன் வாங்க வந்திரிக்காரு."

சந்தை முழுவதும் அவரைச் சுற்றிக்கொண்டது. "அன்பு நேயர்களே எண்டு ஒருக்காச் சொல்லுங்க" என்று ஒருவர் கையைப் பிடித்துக்கொண்டாராம். அன்று வீட்டுக்கு வந்த மீனுக்குக் காசு கொடுக்கவில்லை, வாங்க மறுத்துவிட்டார்கள். அதற்குப் பிறகு மருமகன் சந்தைக்குப் போனால் விரலால் காட்டுவார், தலையால் ஆட்டுவார். வாய் திறக்க மாட்டார்.

"நாட்டுக்கெல்லாம் கதைக்கிற மனிசன், மீன்காரனுக்கு ஊமை" என்பாள் மகள்.

நான் அவருக்கு நேர்மாறு. கொழும்பிலிருந்து அவர் லீவில் வந்தால் கூட்டிக்கொண்டு சுற்றுவேன். எந்தக் கந்தோரிலாவது என் வேலை இழுபட்டுக் கிடந்தால், "மருமகன், ஒரு வார்த்தை கதையுங்க" என்பேன். அவர் கூச்சத்தோடு வணக்கமோ சலாமோ சொல்வார். மேசைக்குப் பின்னால் இருக்கிறவரின் முகம் மலர்வதைப் பார்க்க வேண்டும். மில் ஹாஜியார் என்கிற பேரோடு அறிவிப்பாளரின் மாமா என்கிற பேரும் சேர்ந்துகொண்டது. இரண்டும் எனக்குப் பிடித்திருந்தது. இரண்டாவது கொஞ்சம் கூடுதலாகவே பிடித்திருந்தது.

மகளின் பேர்தான் ரேடியோவில் வராமல் போனது. எங்கள் பக்கத்தில் ஆம்பளைகள் மனைவியின் பேரைச் சபையில் சொல்வதில்லை. வீட்டுக்குள்ளும், இங்கே பார் என்கிற மாதிரி, "இஞ்ச" என்றுதான் கூப்பிடுவார்கள். பிள்ளை பிறந்தால் பிள்ளையின் உம்மா என்பார்கள். அவர்களுக்கு அல்லாஹ் பிள்ளை கொடுக்கவில்லை. அதனால் அவள் வெறும் "இஞ்ச"தான். ஒரு பெருநாளைக்கு என் வீட்டில் எல்லாரும் இருந்து சாப்பிடும்போது இந்தக் கதை எழும்பியது.

"வாப்பா, இவரை ஒருக்கா என்ட பேர ரேடியோவில சொல்லச் சொல்லுங்க. பழைய மாதிரி, பேரும் ஊரும் மட்டும்."

மருமகன் சோற்றிலிருந்து தலையை நிமிர்த்தவில்லை. "மாமாக்கு முன்னால என்ன கதை இது."

நான் அவருடைய பக்கம் பேசினேன். "குடும்பப் பொம்புளயிட பேர ஆராவது ரேடியோவில சொல்லுவானா?"

"கலியாணத்துக்கு முதல் சொன்னாரே. அப்ப நான் ஆருட பொம்புள?"

எல்லாரும் சிரித்துவிட்டோம். அவளும்தான். பிறகு கோழி எலும்பைத் தட்டின் ஓரத்தில் ஒதுக்கிக்கொண்டே சொன்னாள்:

"இப்ப எனக்குப் பேரே இல்ல வாப்பா. பேங்குக்குப் போனாலும் அறிவிப்பாளர்ட பொஞ்சாதி, ஆஸ்பத்திரிக்குப் போனாலும் அறிவிப்பாளர்ட பொஞ்சாதி."

"அது எவ்வளவு பெரிய பேரு மகள்."

"அது அவர்ட பேரு வாப்பா."

அப்போது நான் என்ன பதில் சொன்னேன் என்று நினைவில்லை. ஏதாவது பகிடிதான் சொல்லியிருப்பேன்.

கடல் வந்த காலை நான் மில்லில் இருந்தேன். மில் உள்பக்கம், வயல் ஓரத்தில். சுனாமி என்கிற சொல்லை அதுவரை நாங்கள் யாரும் கேட்டதில்லை. "கடல் ஊருக்குள்ள வருது" என்று ஒருவர் கத்திக்கொண்டு மோட்டார் சைக்கிளில் போனார். கடல் எப்படி ஊருக்குள் வரும் என்று அவரைத் திட்டினேன். பிறகு சனம் ஓடி வருவதைப் பார்த்தேன்.

என் வீடு பிரதான வீதிக்கு மேற்கே. வாசல்வரை தண்ணீர் வந்து நின்றிருந்தது, மனைவி தப்பிவிட்டாள். கடற்கரை வீதியில் நான் கட்டிய வீட்டின் அத்திவாரம் மட்டும் இருந்தது. காற்று நன்றாக வருகிற இடம். அங்கே நான் கண்டதை எழுதுவதற்கு எனக்குக் கை வராது. பக்கத்து வீட்டுப் பெண் ஒருவர் மரத்தில் தொங்கித் தப்பியிருந்தார். காலையில் மகளைக் கண்டதாகச் சொன்னார். பச்சை உடுப்பு உடுத்திருந்தாளாம். அவ்வளவுதான் என்னிடம் இருந்த அடையாளம்.

ஆஸ்பத்திரியில் பார்த்தேன், பள்ளிவாசலில் பார்த்தேன், பள்ளிக்கூட மண்டபங்களில் பார்த்தேன். மூடியிருந்த ஒவ்வொன்றையும் திறந்து பார்த்தேன். சொந்தப் பேரில் பாதிக் கடற்கரையை வாங்கக்கூடிய மனிதன் என்று சனம் சொன்ன நான், பச்சைத் துணியின் ஓரம் எங்கே தெரியும் என்று குனிந்துகொண்டே திரிந்தேன். ஆட்களை அடையாளம் பார்க்க நேரம் கொடுக்காமல் புதைத்துக்கொண்டிருந்தார்கள். அவர்களில் பிழை இல்லை, வைத்திருக்க முடியாது.

டெலிபோன் எல்லாம் செத்துப்போயிருந்தது. பாலங்கள் உடைந்திருந்தன. மருமகன் கொழும்பில். அம்பாறைப் பக்கத்தால் சாமான் கொண்டுவந்த லொறியில் கொழும்புக்குத் திரும்பப் போன ஊர்ப் பையன் ஒருவர், காணாமல் போனவர்களின் விபரத்தை எழுதிச் சேர்த்தார். ரேடியோவில் வாசிக்கிறார்கள், எங்காவது ஆஸ்பத்திரியில் இருந்தால் யாராவது சொல்வார்கள் என்றார். எனக்கு அந்த நேரத்தில் ஒரு வெளிச்சம் தெரிந்தது.

"மகன், பேருக்கு மேல எழுதுங்க, அறிவிப்பாளர்ட மனைவி எண்டு. பெரிசா எழுதுங்க. நாடே தேடும்."

அவர் அப்படியே எழுதினார். என் உயிரே அந்தத் துண்டில் போகிறமாதிரி அந்த லொறியைப் பார்த்துக்கொண்டு நின்றேன். நாடு முழுக்கத் தெரிந்த மாப்பிள்ளையை எடுத்தது இந்த ஒரு நாளுக்குத்தான் என்று நினைத்தேன்.

மறுநாள் பின்னேரம் அஸர் தொழுகைக்குப் பிறகு, கடல் திரும்ப வரும் என்ற பயத்தில் நாங்கள் தங்கியிருந்த பள்ளிக்கூடத்துக்கு என்னைத் தேடிக்கொண்டு ஒருவர் வந்தார். வீரமுனையிலிருந்து என் மில்லுக்கு நெல் தருகிற வெள்ளாமைக்காரர். அவருடைய தமிழ் ஊருக்கும் எங்கள் முஸ்லிம் ஊர்களுக்கும் நடுவில் சண்டைக் காலத்தில் நடந்து போனதைக் கிளற நான் வரவில்லை. நெல்லும் மில்லும் எங்கள் இரண்டு பேரையும் பிரிய விடவில்லை, அவ்வளவுதான். சோற்றுப் பார்சல்களும் ஒரு சின்ன பெட்டரி ரேடியோவும் கொண்டுவந்திருந்தார்.

"ஹாஜியார், உங்கட மருமகன் வாசிக்கிறார். கேளுங்க."

அந்தக் குரல் வந்ததும், அழுதுகொண்டிருந்த சனம்கூட எழும்பி வந்தது. வாசிக்கப்படுகிற பேர்களைக் கேட்கத்தான் வந்தார்கள் என்று சொல்ல மாட்டேன். குரலைக் கேட்க வந்தார்கள். "அவர்தான், அவர்தான்" என்று ஒருவருக்கு ஒருவர் சொல்லிக்கொண்டார்கள். கணவனை இழந்து ஒரு மூலையில் கிடந்த பெண் ஒருவர், "இவர்ட குரலக் கேட்டா நெஞ்சு கொஞ்சம் ஆறுது" என்றார். நான் தலையை நிமிர்த்திக்கொண்டு நின்றேன். அந்த நேரத்திலும் நிமிர்த்தினேன், மனிதன் அப்படித்தான்.

பேர், ஊர், வயது, உடுப்பின் நிறம். பேர், ஊர், வயது. பிறகு என் மகளின் பேரைச் சொன்னார்.

கலியாணத்துக்குப் பிறகு அவருடைய வாயால் அந்தப் பேரை நான் கேட்டது அதுதான் முதல் தடவை. கல்முனை, கடற்கரை வீதி என்றார். வயதைச் சொன்னார். பச்சை நிற உடை என்றார். இனிச் சொல்வார், இனிச் சொல்வார் என்று ரேடியோவை இரண்டு கையாலும் பிடித்திருந்தேன். ஒரு மூச்சு எடுக்கிற சத்தம் கேட்டது.

"அடுத்த பெயர்," என்றார். திருக்கோவிலைச் சேர்ந்த ஒரு வயோதிபரின் பேரை வாசித்தார். அதே குரல். அதே வேகம்.

வெள்ளாமைக்காரர் என் முகத்தைப் பார்க்காமல் ரேடியோவைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

மருமகன் வந்து சேர்ந்தபோதும் மகள் கிடைக்கவில்லை; அவர் கண்டெடுக்க எதுவும் மிச்சமும் இருக்கவில்லை. அத்திவாரத்தில் நின்றார். அவர் நிற்பது தெரிந்ததும் சனம் கூடியது. வீடு போனவர்கள், பிள்ளை போனவர்கள், எல்லாரும்தான். ஒருவர் அவருடைய தோளைத் தொட்டு, "நீங்க வாசிச்சதை நாங்க எல்லாரும் கேட்டம்" என்றார். நான் அவ்வளவு சனத்துக்கு முன்னால் கேட்டேன்:

"என்ட மனைவி எண்டு ஒரு சொல்லுச் சொல்லியிருந்தா உங்கட பேருக்கு என்ன குறைஞ்சிரிக்கும்?"

அவர் என்னைப் பார்த்தார். நாட்டுக்கெல்லாம் கதைக்கிற மனிதர், மீன்காரருக்கு ஊமையாக இருந்ததைப்போல எனக்கும் ஊமையாக நின்றார். அன்றே கொழும்புக்குப் போய்விட்டார். எங்கள் முறைப்படி, மகள் இல்லாத ஊரில் மருமகனுக்கு வீடும் இல்லை. எனக்கும் அவருக்கும் இடையில் அத்திவாரம் மட்டும்தான் மிச்சம்.

அதற்குப் பிறகு அவருடைய புகழ் முன்னையை விடப் பெரிதாகியது. அந்த நாட்களில் அவர் இடைவிடாமல் வாசித்ததை நாடே பேசியது. மேடையில் ஏற்றினார்கள், பொன்னாடை போர்த்தினார்கள். அரிசி வாங்க வருகிற வெளியூர் வியாபாரிகள் என்னிடம் சொல்வார்கள்:

"உங்கட மருமகன் மாதிரி குரல் உடையாம வாசிக்க ஆராலயும் ஏலா ஹாஜியார். கல்லு நெஞ்சு வேணும் அதுக்கு."

"ஓம், கல்லுத்தான்" என்பேன். அந்தப் பேர்களுக்குள் அவருடைய மனைவியின் பேரும் இருந்தது என்று ஊருக்குத் தெரியும். நாட்டுக்குத் தெரியாது. வாசலில் ஓட்டோவை நிறுத்தி, "அறிவிப்பாளர்ட மாமனார் வீடு இதுதானே" என்று எட்டிப் பார்க்கிறவர்கள் குறையவில்லை. அவர்களுக்குத் தேத்தண்ணி கொடுப்பேன். மகளைப் பற்றி யாரும் கேட்டதில்லை.

வருடங்கள் போயின. வடக்கில் சண்டை முடிந்தது என்று அறிவித்த கிழமை கல்முனைப் பட்டினத்தில் வெடி கொளுத்தினார்கள். சில தெருக்களில் கதவைச் சாத்திக்கொண்டு இருந்தார்கள். அதற்குச் சில வாரங்கள் பின்னால், மில் ஓடிக்கொண்டிருந்த ஒரு காலையில், மருமகன் கையில் ஒரு பையோடு வாசலில் நின்றார். தலை நரைத்திருந்தது. அடையாளம் கண்டுகொண்டு வேலையாட்கள் ஓடி வந்தார்கள். கைத்தொலைபேசியில் படம் எடுத்தார்கள். ஒருவன் "அன்பு நேயர்களே எண்டு சொல்லுங்க சேர்" என்றான். அவர் தலையை ஆட்டி மறுத்தார்.

"ரேடியோவ விட்டுட்டன் மாமா," என்றார் என்னிடம்.

ஏன் என்றும் அவரே சொன்னார்.

"கடல் வந்த நேரம் பேரு பேரா வாசிச்சன். இந்தமுறை சண்டையில போன ஆக்கள்ட ஒரு பேரும் என்ட கையில தரல்ல. பாட்டுத்தான் போட்டம். எனக்கு ஏலாமப் போச்சு."

நான் நெல் மூட்டையில் உட்கார்ந்துகொண்டு, இத்தனை வருடம் உள்ளே கிடந்ததை வெளியில் எடுத்தேன். "அண்டைக்கு நான் கேட்டதுக்கு நீங்க இன்னும் பதில் தரல்ல மருமகன்."

அவர் பையைக் கீழே வைத்தார்.

"அந்தத் துண்டு கைக்கு வந்த பிறகுதான் எனக்கே தெரியும் மாமா. மைக்குக்கு முன்னால இரிக்கன். பக்கத்தில நிண்டவர் பாத்திட்டு, இதைச் சொல்லுங்க, நாடே அழும் எண்டாரு. நாடு அழும்தான். எனக்காக அழும். அதுக்குப் பிறகு வாற ஒரு பேரும் ஆருட காதிலயும் ஏறாது. தாள் நிறைய ஆக்கள் மாமா, ஒவ்வொண்டுக்கும் பின்னால உங்கள மாதிரி ஒரு வாப்பா ரேடியோவைப் பிடிச்சிட்டு நிக்காரு."

"என்ட பிள்ளையத் தேடியிரிப்பாங்க."

"உங்கட பிள்ளைய இல்ல, அறிவிப்பாளர்ட பொஞ்சாதியத் தேடியிரிப்பாங்க." சிந்திக் கிடந்த நெல்லில் ஒரு பிடி எடுத்தார். "பேரும் ஊரும் மட்டும் சொல்லுங்க எண்டுதான் அவ எப்பவும் கேப்பா. உங்களுக்கும் தெரியும்."

பிறகு, நான் கேட்காமலே, "அடுத்ததா வாசிச்சனே, திருக்கோவில் ஆள், அவர் கிடைச்சாரு. ஒரு ஆஸ்பத்திரியில பேருச் சொல்லத் தெரியாமக் கிடந்திரிக்காரு. கேட்ட ஒராள்தான் தகவல் சொன்னது" என்றார்.

பெரிய மனதுக்காரன் என்றால் அதைக் கேட்டுச் சந்தோசப்பட்டிருக்க வேண்டும். பள்ளிக்கும் மதரசாவுக்கும் நான் கொடுத்ததைச் சொன்னால் பக்கம் போதாது. கொடுக்கத் தெரிந்த கை இது. ஆனால் அந்த வயோதிபர் பிழைத்ததை மட்டும் என்னால் மனமொப்பி விட்டுக்கொடுக்க முடியவில்லை. ஏன் அவர், ஏன் என் பிள்ளை இல்லை என்றுதான் நெஞ்சு கேட்டது. இப்போதும் கேட்கிறது. அதை மறைத்து எழுதினால் இந்த எழுத்துக்கு அர்த்தம் இல்லை.

நாங்கள் அப்படி இருக்கும்போது வீரமுனை வெள்ளாமைக்காரர் வந்தார். அறிவிப்பாளர் மில்லுக்கு வந்திருக்கிற செய்தி அதற்குள் அவருக்குப் போய்விட்டது. அவருடைய மூத்த மகன் வடக்கே வன்னிப் பக்கம் போய்ச் சண்டைக்குள் அகப்பட்டவன். சண்டை முடிந்த பிறகு இருக்கிறான் என்றும் செய்தி இல்லை, இல்லை என்றும் செய்தி இல்லை. வந்தவர் தலைப்பாகையைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு மருமகனுக்கு முன்னால் நின்றார்.

"தம்பி, என்ட மகன்ட பேரை ஒருக்கா வாசிப்பீங்களா?"

"ஐயா, நான் ரேடியோவ விட்டுட்டன்."

"ரேடியோவ விட்டா என்ன. குரல் இருக்குதானே."

"இஞ்ச நிண்டு சொன்னா ஆருக்கு ஐயா கேக்கும்?"

"எனக்குக் கேக்கும்."

மருமகன் என்னைப் பார்த்தார். நான் எழும்பிப் போய் இயந்திரத்தை நிற்பாட்டினேன். அது பகலில் நின்றால் என் நெஞ்சு நின்ற மாதிரி இருக்கும். யாருக்காகவும் நான் நிற்பாட்டியதில்லை. உமித் தூசி மெதுவாக இறங்கியது. வேலையாட்கள் அந்தந்த இடத்தில் நின்றார்கள்.

மருமகன் மைக்குக்கு முன்னால் நிற்பதைப்போலக் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றார். வெள்ளாமைக்காரரிடம் மெல்லக் கேட்டுக்கொண்டார். பிறகு அந்தக் குரல் வந்தது. பல வருடங்களாக நான் கேட்காமல் அணைத்துவிட்ட அந்தக் குரல். பேர். வீரமுனை. வயது. கடைசியாகக் கண்ட இடம். அறிந்தவர்கள் தகவல் தருமாறு கேட்டுக்கொள்ளப்படுகின்றனர். ஒரு எழுத்துப் பிசகவில்லை. வெள்ளாமைக்காரர் கண்ணை மூடிக்கொண்டு, பிள்ளையின் பேருக்குத் தலையை ஆட்டினார். ஓம், அவன்தான் என்கிற மாதிரி.

மகளின் பேரையும் வாசியுங்கள் என்று நானும் கேட்க நினைத்தேன். மந்திரிமாருக்கு முன்னால் எழுதாமல் பேசியவன் நான். ஆனால் இயந்திரத்தின் சுவிச்சைப் பிடித்துக்கொண்டே நின்றுவிட்டேன்.

மருமகன் ஒரு மூச்சு எடுத்தார்.

"அடுத்த பெயர்," என்றார்.

என் மகளின் பேரைச் சொன்னார். "கல்முனை" என்றார். கடற்கரை வீதி என்று சொல்ல வாயெடுத்தார். முடியவில்லை. நாடு முழுக்கக் கேட்ட, ஒரு நாளும் உடையாத குரல் என் மில்லுக்குள் உடைந்தது. அதைக் கேட்டது நாங்கள் கொஞ்சப் பேர்தான். யாரும் படம் எடுக்கவில்லை.

புதிதாக வேலைக்குச் சேர்ந்த ஒருவன் மெதுவாக என் பக்கத்தில் வந்தான்.

"அது ஆரு ஹாஜியார்?"

"என்ட மகள்," என்றேன்.

அவளுடைய பேரை இங்கே எழுதலாமா என்று பல தடவை யோசித்தேன். ஒரு தடவை எழுதியும் பார்த்தேன். எழுதினால் நீங்கள் வாசித்துவிட்டு அடுத்த வரிக்குப் போய்விடுவீர்கள். அதனால் வெட்டிவிட்டேன். இந்தப் பக்கம் வந்தால் வீட்டுக்கு வாருங்கள். மில் ஹாஜியார் என்று கேட்டால் ஓட்டோக்காரர் காட்டுவார். தேத்தண்ணி தருவேன். அறிவிப்பாளரைப் பற்றிக் கேளுங்கள், பரவாயில்லை. அதற்குப் பிறகு அவளுடைய பேரைக் கேளுங்கள். சொல்கிறேன்.